எடுபிடி ஏழுமலையை எழுதியவள்

மகனே,

போனில் கூப்பிட்டால் நீ எடுப்பதில்லை. மணலி புதுநகருக்கு இரண்டு தரம் பஸ் ஏறி வந்தேன். இரண்டு தரமும் ஸ்டெல்லாதான் கதவைத் திறந்தாள், காபி கொடுத்தாள், "அவரு ஷிஃப்டுக்குப் போயிட்டாரு அத்தை" என்று தரையைப் பார்த்துச் சொன்னாள். உள் அறையில் நீ இருமியது எனக்குக் கேட்டது. பெற்றவளுக்குப் பிள்ளையின் இருமல் தெரியாதா? அதனால்தான் இதை நம் வாரப் பத்திரிகையிலேயே எழுதுகிறேன். டோல்கேட்டிலிருந்து எண்ணூர் வரை எந்த டீக்கடை பெஞ்சிலும் இது கிடக்கும். நீ படிக்காவிட்டாலும் உன் பக்கத்து வீட்டுக்காரர் படித்துவிட்டு வந்து உன்னிடம் கேட்பார். அப்புறம் நீ படித்துத்தான் ஆகவேண்டும். ஒருவரை ஒரு காரியம் செய்யவைக்க வேண்டுமென்றால் நான் சுற்றி வளைத்தாவது செய்யவைப்பேன் என்பது உனக்கு இப்போது நன்றாகவே தெரியும்.

இரண்டு மாதத்துக்கு முன் உன் கல்யாண வரவேற்பில், உன் மேடையில், உன் மைக்கில் யார்டு முதலாளி ஏகாம்பரத்தின் மானத்தை வாங்கியது நான்தான். கழுத்தில் மாலையோடு நீ என் கையைப் பிடித்து இழுத்துக்கொண்டு சமையல்கட்டுப் பக்கம் போனாயே, "உனுக்கு என் கல்யாண மேடதான் கெடச்சுதாம்மா?" என்று கேட்டாயே, அன்றைக்கு நான் பதில் சொல்லவில்லை. இப்போது சொல்கிறேன். ஆமாம், அந்த மேடைதான் கிடைத்தது. பதினேழு வருஷம் காத்திருந்த பிறகு கிடைத்தது. அதற்காக நான் மன்னிப்புக் கேட்கப் போவதில்லை. அதை எதிர்பார்த்து இந்தப் பக்கத்தைப் புரட்டியிருந்தால் வேறு வேலையைப் பார்.

உனக்கு அப்பாவைப் பற்றி ஞாபகம் இருப்பது கொஞ்சம்தான். நாலாவது படித்துக்கொண்டிருந்த பிள்ளைக்கு எவ்வளவு இருக்கும்? நீ பிறக்கிற வரைக்கும் அவர் குடித்தவர்தான், அதை மறைக்கவில்லை. நீ பிறந்த மறுநாள் ராயபுரத்தில் மாதா முன்னால் முட்டி போட்டுச் சத்தியம் செய்தார். அதற்கப்புறம் கிறிஸ்துமஸ் கேக்கைக்கூட ஒயின் ஊற்றியிருக்கிறதா என்று முகர்ந்து பார்த்துவிட்டுத்தான் வாயில் வைப்பார். இருமல் மருந்து சீசாவை வாங்கி, அதில் என்னென்ன சேர்த்திருக்கிறது என்று என்னைப் படித்துக் காட்டச் சொல்வார். "வம்பு எதுக்கு, மாதா பாத்துகினு கீறா" என்பார். அவ்வளவு பயம் அவருக்கு, சாமியிடமும் தன்னிடமும்.

ஏகாம்பரத்தின் கன்டெய்னர் யார்டில் அவருக்குக் கிரேனுக்குக் கைகாட்டுகிற வேலை. பெட்டி மேலே போகும்போதும் கீழே இறங்கும்போதும் கையால் சைகை காட்ட வேண்டும். மேலே கிரேனில் உட்கார்ந்திருந்தவர் டேவிட் அண்ணன். சாவதற்கு முந்தின வாரம் முழுக்க உன் அப்பா சாப்பிடும்போதெல்லாம் அந்தக் கம்பியைப் பற்றியேதான் பேசினார். "கம்பி தேஞ்சி நூலா கீது. ஆபீஸ்ல மூணு வாட்டி சொல்டேன். மாத்தறேன் மாத்தறேன்னு சொல்லிகினே கீறானுங்க." நான் ரசத்தை ஊற்றிக்கொண்டே, "நாலாவது வாட்டியும் சொல்லு" என்றேன். நாலாவது வாட்டியும் சொன்னார். அதற்கடுத்த வெள்ளிக்கிழமை மதியம் கம்பி அறுந்தது.

பெட்டி விழுந்து கால் மணி நேரம்கூட ஆகவில்லை, அவர் பக்கத்தில் ஒரு குவார்ட்டர் பாட்டில் வந்து சேர்ந்தது. சட்டையிலும் ஊற்றியிருந்தார்கள். குடித்துவிட்டுப் பெட்டிக்கு அடியில் போய் நின்றான் என்று ஏகாம்பரம் போலீஸில் எழுதிக் கொடுத்தார், அவரிடம் சம்பளம் வாங்குகிற ஆறு பேர் கையெழுத்துப் போட்டார்கள். கல்லறையில் மண் தள்ளி முடித்த பிறகு டேவிட் அண்ணன் என் பக்கத்தில் வந்து, "தங்கச்சி, பாட்டில வெச்சத மேலேர்ந்து என் கண்ணால பாத்தேன். சொன்னா என் வூட்ல அடுப்பு எரியாது" என்று அழுதார். அவரை நான் திட்டவில்லை. அவருக்கு மூன்று பெண்கள். திட்டவேண்டியவர் வெள்ளை வேட்டி கட்டிக்கொண்டு, மாலையோடு கல்லறைக்கே வந்திருந்தார். என் தலையில் கைவைத்து, "குடி எத்தினி குடும்பத்த கெடுக்குது பாரும்மா" என்றார். அந்தக் கையின் கனம் இன்னும் என் உச்சந்தலையில் இருக்கிறது. அன்றைக்கே முடிவு செய்தேன், இந்த ஆளின் வாயாலேயே ஒருநாள் எல்லார் முன்னாலும் உண்மையைச் சொல்லவைக்க வேண்டும் என்று.

எப்படி என்றுதான் தெரியவில்லை. டோல்கேட் பிரஸ்ஸில் டைப் அடிக்கிறவள் நான். காலையில் மஞ்சள் நீராட்டு விழா, மதியம் கண்ணீர் அஞ்சலி, சாயங்காலம் முனுசாமி அண்ணனின் இந்த வாரப் பத்திரிகை. நான் படித்த படிப்பெல்லாம் டைப் அடித்துப் படித்ததுதான். உன் அப்பா போய் ஒரு வருஷம் இருக்கும். ராயபுரத்திலிருந்து ஓய்வுபெற்ற ஆங்கில வாத்தியார் ஒருவர், வெளிநாட்டுப் பத்திரிகைக்காரர்களின் வாழ்க்கையைத் தமிழில் எழுதிக் கட்டாகக் கொண்டுவந்தார். புத்தகம் கடைசியில் வரவேயில்லை, ஆனால் டைப் அடித்த எனக்குள் அது வந்துவிட்டது. அதில் ஓர் அமெரிக்கக்காரர். போனதற்கு முந்தின நூற்றாண்டு ஆள். என்னைப் போலவே அச்சுக்கூடத்தில் எழுத்துக் கோக்கிற வேலையில் ஆரம்பித்தவர், சின்னச் சின்ன ஊர்களில் பத்திரிகை நடத்தியவர். அங்கே மனிதர்களை அடிமையாக வைத்திருந்த காலம் அது. அவருக்கு அந்த முறையைக் கண்டால் ஆகாது. ஆனால் அவர் என்ன செய்தார் தெரியுமா? எதிர்த்து ஒரு வரி எழுதாமல், அடிமை முறை வேண்டும் வேண்டும் என்று அடம்பிடிக்கிற ஒரு குடிகார முட்டாளைக் கற்பனையில் செய்து, அவன் எழுதுவதைப் போலக் கடிதம் கடிதமாக எழுதினார். கொச்சைப் பேச்சு, தப்பும் தவறுமான எழுத்து. அந்த முட்டாள் தன் ஆட்களைப் புகழப் புகழ, அந்த ஆட்கள் நாறிப்போனார்கள். அந்த நாட்டு ஜனாதிபதியே அதை எடுத்து வாசித்துச் சிரித்தாராம்.

அந்தப் பக்கத்தை அடித்து முடித்துவிட்டுக் கொஞ்ச நேரம் கீபோர்டைத் தொடாமல் உட்கார்ந்திருந்தேன். முனுசாமி அண்ணன், "இன்னாமா, கரண்ட் பூட்ச்சா?" என்று கேட்டார். இல்லை அண்ணே, இப்போதுதான் வந்தது என்று மனதுக்குள் சொல்லிக்கொண்டேன். அடுத்த வாரம் எடுபிடி ஏழுமலை பிறந்தான்.

இத்தனை வருஷம் நீயும் விழுந்து விழுந்து சிரித்த ஏழுமலை கடுதாசியை எழுதியது உன் அம்மாதான். எனக்கும் முனுசாமி அண்ணனுக்கும் தவிர யாருக்கும் தெரியாது. ஏழுமலை ஏகாம்பரத்துக்குக் குடை பிடிக்கிறவன், செருப்பைத் துடைக்கிறவன், தலைவரைப் புகழாமல் தண்ணீர்கூடக் குடிக்காதவன். "தலிவரு இன்னா தங்கமான மன்சன் தெரியுமா? மாட்டு மந்தை ஸ்டாப்புகிட்ட ரோட்ல கீதே, அது பள்ளமில்ல மாமு. புள்ளைங்கோ நீச்சல் கத்துக்கணும்னு தலிவரு வெட்டிக் குடுத்த கொளம். போன வாரம் ஒரு ஆட்டோவே கத்துக்கிச்சு" என்று எழுதுவான். முதல் மூன்று வாரம் ஏகாம்பரத்துக்கு விஷயமே விளங்கவில்லை. வெட்டி எடுத்து லேமினேட் செய்து ஆபீஸில் மாட்டிவைத்திருந்தார். நாலாவது வாரம் யாரோ விளக்கிச் சொல்லியிருக்கிறார்கள். ஆட்களை அனுப்பினார். வந்தவர்கள் என்னிடமே, "யக்கா, இத எவன் எழுதறான்னு தெரிஞ்சா ஒரு வார்த்த சொல்லு" என்று கேட்டுவிட்டு, நான் வாங்கிக் கொடுத்த டீயையும் குடித்துவிட்டுப் போனார்கள். மறுப்பு ஒன்று எழுதிக்கொண்டு வந்து என்னையே டைப் அடிக்கச் சொன்னார்கள். அடித்தேன். அங்கங்கே ஒரு கமாவை மட்டும் இடம் மாற்றினேன், அது ஏழுமலை எழுதியதைவிட நன்றாகச் சிரிப்பு மூட்டியது.

வார்டு தேர்தலில் நின்றாரே, ஓட்டுக் கேட்டு வந்த சந்தெல்லாம், "தலிவா, ஏழுமல எங்க?" என்று பெண்பிள்ளைகள்கூடக் குழாயடியிலிருந்து கத்தினார்கள். கும்பிட்ட கையை இறக்கத் தெரியாமல் நின்றார். தோற்றார். அன்றைக்கு நான் உனக்குப் பிரியாணி வாங்கிக்கொண்டு வந்தேன், என்ன விசேஷம் என்று கேட்டாய், ஒன்றுமில்லை என்றேன். எனக்குச் சந்தோஷமாக இருந்தது. பொய் சொல்லமாட்டேன், ஒரு மனிதன் சிறுத்துப் போவதைப் பார்த்து எனக்கு நன்றாகப் பசி எடுத்தது. ஆனாலும் அடுத்த வாரமே மீன் வாங்கப் போன இடத்தில் கடைக்காரி இன்னொருத்தியிடம், "குடிச்சிட்டுப் பொட்டிக்கு அடில போய் செத்தானே, அவன் பொஞ்சாதி" என்று என்னைக் காட்டினாள். ஏகாம்பரத்தைப் பார்த்து ஊரே சிரித்தது. உன் அப்பாவின் பேர் மட்டும் அப்படியே அழுக்காகவே கிடந்தது.

நீ ஸ்டெல்லாவைப் பிடித்திருக்கிறது என்று வந்து சொன்னபோது நான் எவ்வளவு மகிழ்ந்தேன் என்று உனக்குத் தெரியும். அவள் அப்பா ஏகாம்பரத்தின் யார்டில் மேனேஜர் என்று தெரிந்தபோதும் நான் குறுக்கே நிற்கவில்லை. அவர் அங்கே சேர்ந்தே நாலு வருஷம்தான், நம் விஷயத்தில் அவருக்கு ஒரு சம்பந்தமும் இல்லை. ஆனால் வரவேற்புக்கு ஏகாம்பரம் தலைமை என்று கல்யாணப் பத்திரிகையில் போடச் சொல்லி நீ வந்து நின்றாயே! உன் அப்பா பெயருக்கு மேலே அந்தப் பெயர், அதுவும் என் கையாலேயே டைப் அடிக்க வேண்டும். நான் உன் முகத்தைப் பார்த்தேன். "பழசையே கெளறிகினு கீறியேம்மா. மாமாவோட மொதலாளி, கூப்பிடாம இருக்க முடியுமா?" என்றாய். முடியும் மகனே. முதலாளி என்று ஒருவரைக் கூப்பிடலாம், சாப்பாடு போடலாம். நம் வீட்டுச் செத்தவர் பெயருக்கு மேலே அவரைத் தூக்கி வைக்க வேண்டியதில்லை. நாளைக்கு உன் பிள்ளைக்கும் இதை நீ சொல்லிக்கொடுக்க வேண்டும்.

நான் டைப் அடித்துக் கொடுத்தேன். ஏனென்றால் அந்த நிமிஷமே எனக்கு வழி தெரிந்துவிட்டது. ஏகாம்பரத்துக்குச் சொந்தமாகப் பேச வராது. கடைத் திறப்போ காதுகுத்தோ, அவருடைய வாழ்த்துரையெல்லாம் வெளியே யாராவது எழுதி எங்கள் பிரஸ்ஸில்தான் அச்சாகும்; ஏழுமலை மேல் எவ்வளவு கோபமிருந்தாலும் டோல்கேட்டில் வேறு பிரஸ் கிடையாது. கண்ணாடி போட்டால் வயசு தெரியும் என்று போடமாட்டார், அதனால் ஒவ்வொரு எழுத்தும் கொட்டைப்பாக்கு அளவுக்கு இருக்க வேண்டும். முன்னாலேயே ஒரு தரம் படித்துப் பார்க்கிற பழக்கமும் கிடையாது. கையில் கொடுத்தால் ராகமாக வாசித்துக்கொண்டே போவார். ஒருமுறை ஆட்கள் காகிதத்தை மாற்றிக் கொடுத்துவிட்டதில், காதுகுத்து வீட்டில் இரங்கல் உரையைப் பாதி வரைக்கும் வாசித்தவர். உன் மாமனார் அடுத்த வாரம் சிரித்துக்கொண்டே வந்து, "சம்பந்தி, நம்ம வூட்டு விசேஷம். வெளிய எதுக்கு, தலிவருக்கு நீங்களே நல்லா எழுதிடுங்க" என்றார். நல்லாவே எழுதினேன்.

மூன்று பக்கம். முதல் பக்கம் முழுக்க உங்கள் இருவருக்கும் வாழ்த்து, அதை நான் மனதாரத்தான் எழுதினேன், அதில் கள்ளமில்லை. இரண்டாம் பக்கத்தில், மணமகனின் தந்தை என் யார்டில் பதினோரு வருஷம் உழைத்தவர், நேர்மையானவர் என்று இருந்தது. கூட்டம் கைதட்டியது, ஏகாம்பரத்துக்குக் கைதட்டல் என்றால் குஷி, குரலை உயர்த்தினார். மூன்றாம் பக்கம் திரும்பியது. "அவர் இறந்த அன்று குடித்திருக்கவில்லை. கிரேன் கம்பி தேய்ந்துவிட்டது என்று நாலு முறை எங்களிடம் சொன்னார். நாங்கள் கேட்கவில்லை" என்று அதே ராகத்தில், ஒரு கையை ஆட்டிக்கொண்டு வாசித்தார். அடுத்த வரியில் பாட்டில் இருந்தது. "அவர் பக்கத்தில் பாட்டிலை வைத்தது" என்று வாசித்துவிட்டு நின்றார்.

மண்டபத்தில் முந்நூறு பேர் இருந்தார்கள். பின் வரிசையிலிருந்து டேவிட் அண்ணன் எழுந்து, "கரீட்டா சொன்னாரு தலிவரு. நானும் பாத்தேன்" என்றார். வேலையிலிருந்து நின்று இரண்டு வருஷமாகிறது, மூன்று பெண்களுக்கும் கல்யாணம் முடித்துவிட்டார், இனி அவர் யாருக்குப் பயப்பட வேண்டும்?

எழுதிக் கொடுத்ததை வாசித்தால் அது வாக்குமூலம் ஆகிவிடுமா என்று நீ அன்றைக்குக் கேட்டாய். நல்ல கேள்விதான். ஆனால் நீ ஒன்றைக் கவனிக்கவில்லை. மைக் அவர் கையில்தான் இருந்தது. பொய் என்று ஒரு வார்த்தை சொல்லியிருந்தால் முடிந்துபோயிருக்கும், நான்தான் தலைகுனிந்து நின்றிருப்பேன். அவர் அதைச் சொல்லவில்லை. காகிதத்தைத் திருப்பித் திருப்பிப் பார்த்துவிட்டு, "எவன்டா இத டைப் அடிச்சது?" என்று மைக்கிலேயே கேட்டார். முந்நூறு பேரும் அதைக் கேட்டார்கள். வீடியோக்காரர் முழுசாக எடுத்திருக்கிறார். அந்தக் கேள்வியைவிடப் பெரிய வாக்குமூலம் எனக்கு வேண்டாம். மறுநாள் மீன் கடையில் அதே பெண்மணி எனக்கு வஞ்சிரத்தை நல்ல துண்டாகப் பார்த்து எடுத்துவைத்து, "உங்க வூட்டுக்காரரு தங்கமான மன்சனாம்ல" என்றாள். நான் அங்கேயே உட்கார்ந்து அழுதேன்.

உன் மாமனாருக்கு மறுநாள் காலையில் வேலை போனது. அதற்குத்தான் உன் கோபம், அது நியாயமான கோபம். நானே அவர் வீட்டுக்குப் போனேன். "நாலு வருஷமா அந்தாளுக்குக் கொட மட்டும்தான் நான் புடிக்கல சம்பந்தி, போனா போவுது. ஆனா எங்கிட்ட ஒரு வார்த்த சொல்லிருக்கலாம்" என்றார். இப்போது ராயபுரத்தில் வேறு ஓர் ஆபீஸில் ஏதோ வேலை பார்க்கிறார். அவரிடம் மட்டும் மன்னிப்புக் கேட்டேன், காலைத் தொடாத குறையாகக் கேட்டேன். பழிவாங்க வேண்டும் என்று கிளம்பினால் யார் காலில் மிதிக்கிறோம் என்று தெரிவதில்லை. நீயாவது அப்படி எதிலும் கிளம்பாதே. கிளம்பினால் வீட்டில் ஒருத்தரிடமாவது சொல்லிவிட்டுக் கிளம்பு.

இதுவரைக்கும் எழுதியது ஏகாம்பரத்தைப் பற்றி. இனிமேல் எழுதப்போவதை எழுதத்தான் இந்த வாரம் எடுபிடி ஏழுமலைக்கு லீவு கொடுத்தேன். உன் அப்பா செத்த வெள்ளிக்கிழமை நான் பிரஸ்ஸில் இருந்தேன். ஏகாம்பரத்தின் ஆபீஸிலிருந்து ஒரு ஆள் சைக்கிளில் வந்து ஒரு துண்டுச் சீட்டைக் கொடுத்தான். யார்டில் குடிபோதையில் பெட்டிக்கு அடியில் போன தொழிலாளி சாவு, பெயர் பிறகு வரும் என்று எழுதியிருந்தது. அதே யார்டில்தான் என் புருஷன் வேலை செய்தார், ஆனாலும் எனக்கு ஒரு துளி பதற்றம் வரவில்லை. குடிபோதை என்றிருந்ததே, அப்புறம் அது எப்படி அவராக இருக்கும்? யாரோ ஒருவன் என்று நினைத்துக்கொண்டேன். முதல் பக்கத்தில் ஒரு மூலை காலியாக இருந்தது. முனுசாமி அண்ணன், "நல்லா நறுக்குன்னு ஒரு தலைப்பு போடும்மா" என்றார். போட்டேன். "கட்டிங் போட்டார், கண்ணை மூடினார்." அண்ணன் சிரித்தார். நானும் சிரித்தேன். என் முதல் நகைச்சுவை அதுதான். மெஷின் ஓட ஆரம்பித்த பிறகு டேவிட் அண்ணன் ஓடிவந்து ஷட்டரைப் பிடித்துக்கொண்டு உன் அப்பா பெயரைச் சொன்னார். பாதி பத்திரிகை அதற்குள் கட்டுக் கட்டாகக் கடைகளுக்குப் போய்விட்டது.

அடுத்த மாதம் உன் பள்ளிக்கூடத்தில் பிள்ளைகள் உன்னைச் சுற்றி நின்று அந்தத் தலைப்பைத்தான் பாட்டாகப் பாடினார்கள். நீ ஒருவனை அடித்தாய், நாலு பேர் சேர்ந்து உன்னை அடித்தார்கள். உதடு கிழிந்து, சட்டையெல்லாம் ரத்தமாக வீட்டுக்கு வந்தாய். என்னடா என்று கேட்டேன். அந்த வரியை என் எதிரில் அப்படியே சொல்லிக் காட்டி, "இத எவன் எழுதுனான்னு கண்டுபுடிச்சி அவன் கைய ஒடைக்கணும்மா" என்றாய். நான் உன்னை ஓங்கி அறைந்தேன், கிழிந்த உதட்டின் மேலேயே. சண்டை போட்டதற்காக அறைந்தேன் என்று நீ இவ்வளவு நாளாக நினைத்துக்கொண்டிருக்கிறாய். ஒருவரைப் பார்த்துச் சிரிக்கும் முன் அவர் பெயர் என்ன, வீடு எங்கே, அவருக்காக யார் சாப்பாடு எடுத்து வைத்துக் காத்திருக்கிறார்கள் என்று கேட்டுக்கொள் மகனே. நான் கேட்கவில்லை.

முனுசாமி அண்ணனிடம் சொல்லிவிட்டேன், இது முதல் பக்கத்தில், அதே மூலையில் ஆரம்பித்து, என் முழுப் பெயரோடு வருகிறது. உன் வீட்டு வாசலில் ஒரு பிரதி போடச் சொல்லியிருக்கிறேன். நீ பேசாமல் இருக்கிற இந்த இரண்டு மாதம் ஏகாம்பரத்துக்கு நான் செய்ததற்கு. உன் அப்பாவுக்குச் செய்ததற்கு நீ இன்னும் ஆரம்பிக்கவே இல்லை. ஏழுமலையை வைத்து ஏகாம்பரத்துக்கு நான் கொடுத்த தண்டனை பதினாறு வருஷம். எனக்கு எத்தனை என்று நீயே சொல். குறைக்காதே.

உன் அம்மா